கெட்டிமேளம் தெரிந்த கேம்!

நீங்கள் நடந்தால் இசையும் நடக்கிறது, ஓடினால் கூடவே ஓடுகிறது... வீடியோ கேமுக்குள் ஒளிந்திருக்கும் ஒலி ரகசியம்

கல்யாண மண்டபத்தில் நாதஸ்வரக் குழுவைக் கவனித்திருக்கிறீர்களா? வாசிப்பது எந்த ராகமாக இருந்தாலும், தவில்காரரின் ஒரு கண் எப்போதும் மணமேடை மீதுதான் இருக்கும். புரோகிதர் கையை உயர்த்தி ‘கெட்டிமேளம்... கெட்டிமேளம்’ என்றதும், வாசித்துக்கொண்டிருந்ததை அப்படியே விட்டுவிட்டு மேளம் உச்சத்துக்குத் தாவும். தாலி கட்டி முடிந்ததும் மெள்ள இறங்கும். மாப்பிள்ளை வரத் தாமதமானால் ஆலாபனை நீளும். சபையில் யாராவது பலமாகத் தும்மினால், அதை மறைக்க இன்னொரு முழக்கம்!

இதே கல்யாணத்துக்குப் பாட்டைப் பதிவு செய்து ஸ்பீக்கரில் போட்டால் என்ன ஆகும்? தாலி கட்டும்போது சோகப் பாட்டு ஓடும். சாப்பாட்டுப் பந்தியில் கெட்டிமேளம் முழங்கும்.

வீடியோ கேம்களுக்கு இசையமைப்பவர்களை ஆரம்பம் முதலே வாட்டிய பிரச்னை இதுதான். சினிமாவுக்கு இசையமைப்பது வேறு. 42-வது நொடியில் ஹீரோ திரும்பிப் பார்க்கிறார் என்றால், எந்தத் தியேட்டரில் ஓட்டினாலும் 42-வது நொடியில்தான் திரும்புவார். அங்கே வயலினை வைத்துவிட்டால் வேலை முடிந்தது. கேமில் ஹீரோவே நீங்கள்தான். பேய் பங்களாவின் கதவை உடனே திறப்பீர்களா, பயந்துபோய் வாசலிலேயே நிற்பீர்களா, இல்லை அம்மா கூப்பிட்டார் என்று போனை வைத்துவிட்டுக் காபி குடிக்கப் போய்விடுவீர்களா... யாருக்குத் தெரியும்? அதுவரை அந்த இசை என்ன செய்யும்?

இந்தக் கேள்விக்குப் பதிலாக வந்ததுதான் ‘ஆடியோ மிடில்வேர்’. கேம் ஆடும் கோடிக்கணக்கானவர்களில் பெரும்பாலானோர் கேள்விப்படாத பெயர். ஆனால், பல கேம்களில் அவர்கள் காதில் விழும் ஒலி அதன் வழியாகத்தான் வருகிறது.

நான்கே ஸ்வரங்கள்

கதை 1978-ல் ஜப்பானில் தொடங்குகிறது. டைட்டோ நிறுவனத்துக்காக டொமோஹிரோ நிஷிகாடோ உருவாக்கிய ‘ஸ்பேஸ் இன்வேடர்ஸ்’ கேமில் மொத்தம் 55 விண்வெளி எதிரிகள். வரிசையாக இறங்கி வருவார்கள், கீழேயிருந்து சுட வேண்டும். பின்னணியில் ‘டும்... டும்... டும்... டும்’ என்று நான்கே நான்கு கனத்த ஸ்வரங்கள் திரும்பத் திரும்ப ஒலிக்கும்.

எதிரிகள் குறையக் குறைய மிச்சமிருப்பவர்களின் வேகம் கூடும். இதில் ஒரு வேடிக்கை உண்டு. அந்தக் காலத்து மெஷினுக்கு 55 உருவங்களையும் நகர்த்துவது பெரும் சுமை. எண்ணிக்கை குறைந்தால் சுமையும் குறைந்து, மிச்சம் இருப்பவை தானாகவே வேகமெடுத்தன. நிஷிகாடோ அதைத் திருத்தாமல் அப்படியே விட்டுவிட்டார். அந்த நான்கு ஸ்வரங்களும் கூடவே வேகமெடுத்தன. ஆடுபவரின் உள்ளங்கை வியர்த்தது. ‘நான் ஆடுவதைப் பார்த்து இசை மாறுகிறது’ என்ற அனுபவம் பலருக்கு முதன்முதலில் கிடைத்தது அங்கேதான்.

1990-ல் வந்த ‘சூப்பர் மரியோ வேர்ல்டு’ இன்னும் அழகு. மரியோ சாதாரணமாக ஓடும்போது ஒரு மெட்டு. யோஷி என்ற குட்டி டைனோசர் மீது ஏறி உட்கார்ந்ததும் அதே மெட்டோடு ஒரு பாங்கோ டிரம்ஸ் சேர்ந்துகொள்ளும். இறங்கினால் டிரம்ஸ் நின்றுவிடும். மெட்டு அறுபடாது. கோஜி கோண்டோ செய்த இந்தச் சின்ன வேலையைச் சிறுவயதில் ஆடிய பலர் கவனித்திருக்கவே மாட்டார்கள். ஆனால், யோஷி மீது ஏறினால் ஏதோ ஒரு குஷி வந்ததை மறந்திருக்க மாட்டார்கள்.

எரிச்சலில் பிறந்த கருவி

அமெரிக்காவின் லூகாஸ் ஆர்ட்ஸ் நிறுவனம் 1990-ல் ‘மங்க்கி ஐலேண்ட்’ என்ற கடற்கொள்ளையர் கேமை வெளியிட்டது. அதன் இசையமைப்பாளர்களில் ஒருவரான மைக்கேல் லேண்டுக்கு ஒரு பெரிய மனக்குறை. ஓர் இடத்திலிருந்து இன்னோர் இடத்துக்குப் போனால், பழைய பாட்டு கத்தரித்ததுபோல வெட்டுப்பட்டு, புதுப்பாட்டு தடாலென்று ஆரம்பிக்கும். பாட்டு எந்த ஸ்வரத்தில் நிற்கிறது, தாளம் முடிந்ததா என்றெல்லாம் கம்ப்யூட்டருக்கு அக்கறை இல்லை. இசை தெரிந்த யாருக்கும் எரிச்சல் வரும்.

நண்பர் பீட்டர் மெக்கனலுடன் சேர்ந்து அவர் ‘ஐ-மியூஸ்’ என்ற அமைப்பை எழுதினார். 1991-ல் வந்த ‘மங்க்கி ஐலேண்ட் 2’-ல் அது அரங்கேறியது. அதில் வுட்டிக் என்றொரு ஊர் வரும். உடைந்த கப்பல்களை ஒட்டிக் கட்டிய ஊர். தெருவில் நடந்தால் ஒரு மெட்டு. மதுக்கடைக்குள் நுழைந்தால் அந்த மெட்டே அந்தக் கடைக்கு ஏற்ற உடையைப் போட்டுக்கொள்ளும். சலவைக்கடையில் வேறு உடை, தச்சர் கடையில் வேறு உடை. வெளியே வந்தால், தாளம் சரியான இடத்துக்கு வரும்வரை ஒரு நொடி காத்திருந்து, ஒரு சின்ன சங்கதியோடு பழையபடி தெரு மெட்டுக்குத் திரும்பும். வெட்டு எங்கே விழுந்தது என்று காதுக்குத் தெரியாது. இந்த முறைக்கு 1994-ல் காப்புரிமையும் கிடைத்தது.

இது சாத்தியமானதற்கு ஒரு காரணம், அன்றைய கேம் இசை ‘மிடி’ வடிவத்தில் இருந்தது. மிடி என்பது பதிவு செய்த ஒலி அல்ல, ஸ்வரக் குறிப்பு மாதிரி. ‘இந்த ஸ்வரம், இவ்வளவு நேரம், இந்த வாத்தியம்’ என்று எழுதிக் கொடுத்தால் கம்ப்யூட்டர் வாசிக்கும். வாத்தியத்தை மாற்றுவதும் வேகத்தைக் கூட்டுவதும் சுலபம்.

பிறகு சி.டி வந்தது. நிஜ ஆர்க்கெஸ்ட்ராவையே பதிவு செய்து கேமில் போடலாம் என்றானது. தரம் எங்கேயோ போய்விட்டது. ஆனால், பதிவு செய்த பாட்டை வளைக்க முடியாதே! ஒலி பல மடங்கு முன்னேறிய அதே நேரத்தில், இசையின் புத்திசாலித்தனம் பல கேம்களில் பத்து வருடம் பின்னால் போனது. மறுபடி ஸ்பீக்கரில் பாட்டுப் போடும் கல்யாணம்!

நடுவில் நிற்கும் மேஸ்திரி

இன்னொரு சிக்கலும் இருந்தது. அது ஆட்கள் சம்பந்தப்பட்டது.

ஒரு கேம் குழுவில் சவுண்ட் டிசைனர் ஒருவர் இருப்பார். கதவு கிறீச்சிடுவது, மழை கொட்டுவது, வாள் மோதுவது எல்லாம் அவர் பொறுப்பு. ஆனால், ஒலியை உருவாக்கத்தான் அவரால் முடியும். எந்த நேரத்தில், எவ்வளவு சத்தத்தில் அது கேட்க வேண்டும் என்பது புரோகிராமர் எழுதும் கோடுக்குள் இருக்கும். ‘காலடிச் சத்தம் கொஞ்சம் தூக்கலாக இருக்கிறது, குறைத்தால் நல்லது’ என்று தோன்றினால் அதை அவரே குறைக்க முடியாது. புரோகிராமரிடம் சொல்ல வேண்டும். அவர் தலைக்கு மேல் நூறு வேலை. ‘சவுண்டுதானே, அப்புறம் பார்க்கலாம்’ என்பார். இரண்டு நாள் கழித்துக் குறைத்துக் கொடுத்தால், இப்போது ரொம்பக் குறைந்துபோயிருக்கும். மறுபடி போய் நிற்க வேண்டும். இப்படி எத்தனை தடவைதான் ஒருவர் கேட்பார்? கடைசியில் ‘இதுவே போதும்’ என்று விட்டுவிடுவார்.

மிடில்வேர் இந்த இருவருக்கும் நடுவில் வந்து நிற்கும் மென்பொருள். புரோகிராமர் செய்ய வேண்டியது ஒன்றுதான்: ‘கதவு திறந்தது’, ‘ஹீரோ புல்தரையில் ஓடுகிறார்’, ‘உயிர் 20 சதவிகிதம்தான் மிச்சம்’ என்று கேமில் நடப்பதைத் தகவலாக அனுப்பிக்கொண்டே இருப்பது. அந்தத் தகவல் வரும்போது என்ன கேட்க வேண்டும் என்பது முழுக்க சவுண்ட் டிசைனரின் ராஜ்ஜியம். திரையில் மவுஸை வைத்து வளைகோட்டைக் கொஞ்சம் கீழே இழுத்தால் சத்தம் குறைந்துவிடும். கேம் ஓடிக்கொண்டிருக்கும்போதே இதைச் செய்து, அங்கேயே கேட்டுப் பார்க்கலாம்.

இந்தத் துறையில் இரண்டு பெயர்கள் பெரியவை. ஒன்று, ஆஸ்திரேலியாவின் மெல்பர்னில் இருக்கும் ஃபயர்லைட் நிறுவனத்தின் ‘எஃப்மாட்’. பிரெட் பேட்டர்சன் 1990-களின் நடுவில், கம்ப்யூட்டரில் பாட்டுக் கோப்புகளை இசைக்கும் ஒரு சின்ன புரோகிராமாக ஆரம்பித்தது. இன்னொன்று, கனடாவின் மான்ட்ரியாலில் இருக்கும் ஆடியோகைனடிக் நிறுவனத்தின் ‘வைஸ்’. 2006-ல் வெளிவந்தது. 2019-ல் அந்த நிறுவனத்தையே சோனி வாங்கிவிட்டது. ஆனாலும், மற்ற நிறுவனங்களின் கேம்களிலும் வைஸ் தொடர்ந்து வேலை செய்கிறது. ஜப்பானில் சி.ஆர்.ஐ நிறுவனத்தின் ‘ஏ.டி.எக்ஸ்’ இருக்கிறது.

7,200 காலடிகள்

மிடில்வேர் செய்யும் வேலையைப் புரிந்துகொள்ள, பிரமாண்டமான போர்க்களம் எல்லாம் தேவையில்லை. வெறும் காலடிச் சத்தம் போதும்.

உங்கள் ஹீரோ நொடிக்கு இரண்டு அடி வைக்கிறார் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு மணி நேரம் நடந்தால் 7,200 அடி. ஒரே ஒரு ‘டப்’ சத்தத்தைப் பதிவு செய்து, அதையே 7,200 தடவை போட்டால்? ராத்திரியில் சொட்டுச் சொட்டாக ஒழுகும் குழாயின் பக்கத்தில் படுத்திருப்பதுபோல ஆகிவிடும். நிஜத்தில் மனிதன் வைக்கும் இரண்டு அடிகள் ஒரே மாதிரி ஒலிப்பதில்லை. காது இதை உடனே கண்டுபிடித்துவிடும். ‘ஏதோ பொய்’ என்று மூளைக்குச் சொல்லிவிடும்.

அதனால் டிசைனர் மரத்தரை, புல், மணல், சேறு, சிமென்ட், தண்ணீர் என ஆறு தரைகளை எடுத்துக்கொள்கிறார். ஒவ்வொன்றிலும் நடப்பது, ஓடுவது, பதுங்கிப் போவது என மூன்று வேகம். ஒவ்வொன்றுக்கும் ஆறு ஆறு பதிவுகள். மொத்தம் 108 குட்டிக் குட்டிச் சத்தங்கள். மிடில்வேர் ஒவ்வோர் அடிக்கும் இதில் பொருத்தமான ஒன்றைச் சீட்டுக் குலுக்கி எடுக்கும். போன தடவை எடுத்ததையே மறுபடி எடுக்காது. எடுத்ததன் சுருதியைத் துளி ஏற்றும் அல்லது இறக்கும். சத்தத்தையும் துளி மாற்றும். குகைக்குள் நுழைந்தால் எதிரொலி சேர்க்கும். சுவருக்கு அந்தப் பக்கம் எதிரி நடந்தால், கூர்மையான ஒலியை வடிகட்டி மந்தமாக்கும். பக்கத்து வீட்டு டி.வி சத்தம் நம் வீட்டுச் சுவரைத் தாண்டி வரும்போது ‘பம் பம்’ என்று மட்டும் கேட்குமே, அதேபோல.

துப்பாக்கிச் சண்டை கேம் ஆடும் பிள்ளைகள் ஹெட்போனைக் கழற்ற மறுப்பதன் காரணம் இதுதான். ‘வலது பக்கம் ஒருத்தன் இருக்கான்’ என்று திரையில் யாரும் தெரியாதபோதே சொல்கிறார்களே, அது ஜோசியம் இல்லை. இடது, வலது காதுகளுக்கு வரும் ஒலியின் வித்தியாசத்தைப் படிக்கப் பழகிவிட்டார்கள்.

கார் ரேஸ் கேமில் எஞ்சின் சத்தமும் இப்படித்தான். ஒரே நீளப் பதிவு கிடையாது. எஞ்சின் மெதுவாகச் சுற்றும்போது ஒன்று, நடுத்தரமாக ஒன்று, அலறும்போது ஒன்று எனத் தனித்தனியாகப் பதிவு செய்து, எஞ்சின் எவ்வளவு வேகமாகச் சுற்றுகிறதோ அதற்கேற்ப அவற்றைக் குழைத்துக் கொடுக்கிறது மிடில்வேர்.

எல்லாவற்றையும் ஒரே நேரத்தில் ஒலிக்கவிடவும் முடியாது. 40 வீரர்கள் சண்டை போடும் களத்தில் அத்தனை சத்தத்தையும் இசைத்தால் போன் திணறும், காதும் திணறும். எது முக்கியமோ அதை மட்டும் ஒலிக்கவிட்டு, தூரத்தில் இருப்பவற்றை ஊமையாக்கிக் கணக்கில் மட்டும் வைத்துக்கொள்ளும். நீங்கள் அருகில் போனதும் அவை மறுபடி பேசத் தொடங்கும். யாராவது முக்கியமான வசனம் பேசினால் பின்னணி இசை தானே தணியும்.

அடுக்குவதும் தொடுப்பதும்

இசைக்கு இரண்டு வழிகள் இருக்கின்றன. ஒன்று, அடுக்குவது. தம்புரா, மிருதங்கம், வயலின், வாய்ப்பாட்டு என ஒவ்வொன்றையும் தனித்தனியாகப் பதிவு செய்து, எல்லாவற்றையும் சேர்ந்தே ஓடவிட்டு, தேவையானதை மட்டும் திறந்துவிடுவது. மரியோவின் பாங்கோ டிரம்ஸ் இந்த வகை. இன்னொன்று, தொடுப்பது. பாட்டைச் சின்னச் சின்னத் துண்டுகளாக்கி, பூக்கட்டுவதுபோல ஒன்றன் பின் ஒன்றாக, கதை போகும் திசைக்கேற்பக் கோப்பது. ஆவர்த்தனம் முடியும் இடத்தில்தான் அடுத்த துண்டு ஏற வேண்டும் என்று கட்டளை கொடுத்துவிட்டால், மிடில்வேர் அதுவரை பொறுத்திருக்கும்.

அடுக்கும் முறையைத் துணிச்சலாகச் செய்தவர்கள் 2010-ல் வந்த ‘ரெட் டெட் ரிடெம்ப்ஷன்’ கேமின் இசையமைப்பாளர்கள் பில் எல்ம், வூடி ஜாக்ஸன். மாடு மேய்க்கும் கௌபாய்களின் அமெரிக்கா, பரந்த வெளி, எங்கு வேண்டுமானாலும் போகலாம். எந்த இசை எதோடு சேரும் என்று யாரும் முன்கூட்டிச் சொல்ல முடியாது. அவர்கள் ஒரு முடிவெடுத்தார்கள். இசை முழுவதையும் ஒரே சுருதியில், ‘ஏ மைனர்’ ஸ்கேலில், நிமிடத்துக்கு 130 தட்டு என்ற ஒரே வேகத்தில் அமைத்தார்கள். இப்போது எந்தத் துண்டின் மேல் எந்தத் துண்டை வைத்தாலும் ஒட்டும். அமைதியாக நடக்கையில் ஒரு கிடார், துப்பாக்கி வெடித்தால் டிரம்ஸ், எல்லாம் ஓய்ந்ததும் ஒற்றை விசில். பல மணி நேர இசைக்கு ஒரே சுருதி, ஒரே வேகம் என்பது ஓர் இசையமைப்பாளர் தனக்குத்தானே போட்டுக்கொள்ளும் விலங்கு. கேட்பவருக்கு அது சலிக்கவில்லை என்பதுதான் ஆச்சர்யம்.

2018-ல் வந்த ‘செலஸ்டி’ நேர் எதிர். மிகச் சின்னக் குழு செய்த கேம். மேடலின் என்ற பெண் ஒரு மலையில் ஏறுகிறாள். அவளுக்குள் இருக்கும் பதற்றமும் மனச்சோர்வும்தான் கதை. விழுந்து விழுந்து எழ வேண்டிய கேம் என்பதால், ஒரே இடத்தில் ஐம்பது தடவை தோற்பது சாதாரணம். ஒவ்வொரு தடவையும் பாட்டு முதலிலிருந்து ஆரம்பித்தால் கன்ட்ரோலரைத் தூக்கி எறியத் தோன்றும். லீனா ரெய்னின் இசையோ அவள் விழுந்தாலும் நிற்காது, தொடர்ந்து ஓடும். மேலே ஏற ஏற வாத்தியங்கள் கூடும். இந்த கேமின் ஒலி முழுவதும் எஃப்மாடில் கோக்கப்பட்டது. அந்தக் கோப்பை அப்படியே மாணவர்கள் திறந்து பார்த்துப் படிப்பதற்காக இலவசமாகவும் கொடுத்திருக்கிறார்கள். ஒரு பெரிய சமையல்காரர் தன் கடையின் குறிப்பேட்டைப் பக்கம் பக்கமாகக் காட்டுவதுபோல! வருமானம் குறைவாக உள்ள சிறு குழுக்களுக்கு இந்த மென்பொருள்களே இலவசம் என்பதால், ஒரு லேப்டாப்பும் ஹெட்போனும் இருக்கும் கல்லூரி மாணவர் வீட்டிலேயே பழகிப் பார்க்கலாம்.

இசையே காட்டிக் கொடுத்தால்?

கருவி இருந்தால் மட்டும் போதுமா? போதாது. அமைதியான காட்டில் நடந்துகொண்டிருப்பீர்கள். திடீரென்று போர் முரசு ஒலிக்கும். சுற்றிலும் யாருமே இல்லை. ‘ஓஹோ, எங்கோ ஓர் எதிரி நம்மைப் பார்த்துவிட்டான்’ என்று புரிந்துவிடும். எதிரி பதுங்கி என்ன பயன், இசையே காட்டிக் கொடுத்துவிட்டதே! இன்னும் மோசம், ஒரு எலியோடு சண்டை போட்டாலும் அதே முரசு முழங்குவது. எதிரி எவ்வளவு தூரத்தில் இருக்கும்போது இசை மாற வேண்டும், சண்டை முடிந்து எத்தனை நொடி கழித்து அடங்க வேண்டும் என்பதை எந்த மென்பொருளும் சொல்லித் தராது. அது தவில்காரரின் கண் மாதிரி, பழகப் பழக வருவது.

கண் தெரியாதவரின் ரேஸ்

பெரும்பாலானோருக்கு ஒலி சரியில்லை என்றால் கேம் கொஞ்சம் சுவை குறையும், அவ்வளவுதான். பார்வையற்ற ஒருவருக்கு அப்படி இல்லை. ஒரு சத்தம் விடுபட்டால் அவருக்கு அங்கே சுவர் இருப்பதே தெரியாது. ஒலிதான் அவருடைய திரை.

அமெரிக்காவைச் சேர்ந்த பிராண்டன் கோல் பார்வையற்றவர், தீவிர கேம் பிரியர். கேம் நிறுவனங்களுக்கு ஆலோசகராக இருந்தார். ‘எங்களையும் ஆட விடுங்கள்’ என்று பல வருடம் பேசியும் எழுதியும் வந்தவர். அவர் ஆலோசனை சொன்ன ‘தி லாஸ்ட் ஆஃப் அஸ் - பாகம் 2’ 2020-ல் வந்தபோது, மாற்றுத்திறனாளிகளுக்கான 60-க்கும் மேற்பட்ட வசதிகள் அதில் இருந்தன. எந்தச் சத்தத்துக்கு என்ன அர்த்தம் என்று கேட்டுப் பழகிக்கொள்ள ஓர் ஒலி அகராதியே உண்டு. குதிக்க வேண்டிய இடத்துக்கு ஒரு சத்தம், குனிய வேண்டிய இடத்துக்கு ஒன்று, எடுக்க வேண்டிய பொருள் அருகில் இருந்தால் இன்னொன்று. பார்வையற்றவர்கள் இதை ஆரம்பம் முதல் கடைசிவரை ஆடி முடித்தார்கள்.

2023-ல் வந்த ‘ஸ்ட்ரீட் ஃபைட்டர் 6’-ல் எதிராளி எவ்வளவு தூரத்தில் நிற்கிறார் என்பதையே ஒலியால் சொல்லும் வசதி வந்தது. அதே வருடம் ‘ஃபோர்ஸா மோட்டார்ஸ்போர்ட்’ என்ற கார் ரேஸ் கேம். பார்வையற்றவருக்குக் கார் ரேஸா என்று கேட்கத் தோன்றும். கோல் அதிலும் ஆலோசகர். வரப்போகும் திருப்பம் எந்தப் பக்கம், எப்போது வேகத்தைக் குறைக்க வேண்டும், கியர் எப்போது மாற்ற வேண்டும், சாலையின் ஓரத்துக்கு எவ்வளவு நெருங்கிவிட்டோம்... ஒவ்வொன்றுக்கும் தனித்தனி ஒலி. ஒவ்வொன்றின் சத்தத்தையும் ஆடுபவர் தன் காதுக்கு ஏற்றபடி கூட்டிக் குறைத்துக்கொள்ளலாம்.

கோல் 2024-ல் காலமானார். அவருக்குப் பிடித்த அந்த கேமை, திரையை அணைத்துவிட்டு, ஹெட்போனை மட்டும் மாட்டிக்கொண்டு இன்றும் ஆடலாம். இடது காதில் ஓர் ஒலி. அடுத்த திருப்பம் இடது பக்கம். பிரேக்!